மேக்காட்டு லேலம்

எனக்கு எம்பத்திரண்டு வயசு. பெத்தது அஞ்சு, நாத்தனார் விட்டுப்போன பிள்ளையோடு வளத்தது ஆறு. அந்த ஆறு வயித்துக்கும் சோறு போட்டது எங்க கீக்காடு, கிழக்கால இருக்கிற வெள்ளாமைக் காடு. கிணறு அதில்தான் இருக்கிறது. மேற்கால இருக்கிற மேக்காடு மழை பெய்தால்தான் காடு. எழுபதுகளில் ஒரு வருசம் இந்த ரெண்டு காடும் கோடதி லேலத்துக்கு, அதாவது கோர்ட்டு ஏலத்துக்கு, வந்தது.

பருத்தி யாவாரம் பண்ணின சிநேகிதனுக்கு எங்கூட்டுக்காரர் ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தார். அவன் ஊரை விட்டே போய்விட்டான். கடன் கொடுத்த முதலாளி கோடதியில் ஜெயித்து, எங்க காட்டை விற்றுக் கடனை எடுத்துக்கொள்ள உத்தரவு வாங்கிவிட்டார். கோடதி ஆமீன் வந்து வேப்பமரத்தில் நோட்டீஸ் ஒட்டி, தமுக்கும் அடிக்கச் சொல்லிவிட்டுப் போனார். எங்க வக்கீல் ஒன்று சொன்னார்: முதலில் மேக்காட்டைத்தான் விற்பார்கள், அதிலேயே கடன் தீர்ந்தால் கீக்காட்டைத் தொடமாட்டார்கள்.

எங்க பக்கத்தில் ஒரு மொறை உண்டு. நொடிச்ச குடும்பத்துக் காட்டை ஊர்க்காரன் லேலம் கேட்கமாட்டான். கேட்டால் அவன் ஊட்டில் யாரும் கை நனைக்கமாட்டார்கள். ஊரில் ஒவ்வொருத்தராக வந்து, நாங்க யாரும் வாய் தொறக்கமாட்டோமுங்க என்று சொல்லிவிட்டுப் போனார்கள். எங்கூட்டுக்காரருக்கு அதில் பெருமை. நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். எல்லாரும் சும்மா நின்றால் முதலாளியின் ஆள் மட்டும் கேட்பான். மேக்காடு அடிமாட்டு விலைக்குப் போகும், மிச்சக் கடனுக்குக் கிணறும் போகும். சொல்லிப் பார்த்தேன். பொம்பளைக்கு என்ன தெரியும் என்று துண்டை உதறிக்கொண்டு எழுந்துவிட்டார்.

கையில் காசும், முதலாளியை எதிர்த்துக் கேட்கிற தைரியமும் உள்ளவர் ஊரில் ஒருத்தர்தான். எங்கூட்டுக்காரரின் பெரியப்பா மகன். கிணத்துத் தண்ணிக்குச் சண்டை போட்டுப் பிரிந்த பங்காளி. ரெண்டு ஊட்டுக்கும் பேச்சு கிடையாது. நான் யார் வாசலிலும் போய் நின்றவளல்ல. அன்றைக்குப் போனேன்.

அவர் சம்சாரம் முறத்தைக் கீழே வைக்காமலே, "இந்த ஊட்டுக்கு வழி மறந்திருக்குமுன்னு நெனச்சேன்" என்றாள். சொல்லட்டும் என்று நின்றேன். பிறகு அவரிடம் விசயத்தைச் சொன்னேன்.

"நான் கேட்டா, பங்காளி காட்டைப் புடிச்சவன்னு ஊரு பேசும் அம்மணி."

"கேக்காம உட்டா, பாத்துக்கிட்டே கிணத்தை வாரிக்குடுத்தவருன்னு நான் பேசுவேனுங்க."

அவர் சம்சாரத்திடம் மோர் கொண்டுவரச் சொன்னார். லேலம் முடியட்டும், வந்து குடிக்கிறேன் என்று திரும்பிவிட்டேன்.

லேலத்தன்று ஆமீன் வரப்பில் நின்றார். முதலாளியின் ஆள் ஒரு விலை சொன்னான். நல்ல மாடு ஒரு சோடி அதற்கு வராது. ஊரே குனிந்து மண்ணைப் பார்த்தது. பங்காளி கூட்டத்துக் கடைசியில் கைகட்டி நின்றார். ஒரு தரம் என்றார் ஆமீன். ரெண்டு தரம் என்றார். சேலைத் தலைப்பை முறுக்கி முறுக்கி என் விரல் சிவந்துவிட்டது. அப்போது பின்னாலிருந்து அவசரமே இல்லாமல் ஒரு குரல்: "அதுக்கு மேல பாதி."

ஊர் திரும்பிப் பார்த்தது. முதலாளியின் ஆள் ஏற்றினான், பங்காளியும் ஏற்றினார். கடனும் கோடதிச் செலவும் தீர்ந்து கொஞ்சம் தாண்டின இடத்தில் அந்த ஆள் நிறுத்திக்கொண்டான். ஆமீன் கீக்காட்டுக் காகிதத்தை மடித்துப் பையில் வைத்தார்.

"அவங்கிட்டயா போய் நின்னே?" எங்கூட்டுக்காரர் அது ஒன்றுதான் கேட்டார்.

"கிணறு இருக்குதுங்களே" என்றேன். அப்படியே அந்த ஊட்டுக்குப் போய் மோரைக் குடித்துவிட்டு வந்தேன். ஊரில் வேறு யாரும் ரொம்ப நாள் அங்கே கை நனைக்கவில்லை.

அந்த வருசம் மழை ஏமாற்றிவிட்டது. மேக்காட்டில் பங்காளி போட்ட கடலைச்செடி வாடி நின்றது. தண்ணி வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. கேட்கிற ஆளும் அவரில்லை. ஒருநாள் காலையில் நானே மம்முட்டியை எடுத்துப்போய் மடையை மேக்காட்டுப் பக்கம் திருப்பிவிட்டேன். எங்கூட்டுக்காரர் பார்த்துக்கொண்டு நின்றார். மோட்டாரை நிறுத்தவில்லை.

கண்ணு, நான் சொல்லச் சொல்ல எழுதினியே, இப்போ இதை எனக்குப் படிச்சுக் காட்டு. மெல்லப் படி. எங்கூட்டுக்காரரை எங்கியாச்சும் கொறைச்சு எழுதியிருந்தா அங்க நிறுத்து.