கையெழுத்துக்கு மேலே ஒரு கோடு

அலுவலகத்தில் அவளுக்குக் கோட்டக்கா என்று பெயர். விடுப்புக் கடிதமோ, பதிவேடோ, எதில் கையெழுத்துப் போடுவதானாலும் மேலே காலியாக இருக்கும் இடத்தைக் குறுக்கே ஒரு கோடு இழுத்து அடைத்துவிட்டுத்தான் போடுவாள். புதிதாக வந்தவர்கள் சிரிப்பார்கள். விஷயம் தெரிந்தவர்கள் சிரிப்பதில்லை.

அரசுத் துறையில் உதவியாளராக இருபத்தோரு வருஷம் ஆகிறது. கணவருக்கு இரண்டு சிறுநீரகமும் கைவிட்டுவிட, வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். காலையில் அவரை ஆஸ்பத்திரியில் படுக்கவைத்துவிட்டு, இரண்டு பஸ் மாறி அலுவலகம் வந்து சேர்வதற்குள் நாக்குத் தள்ளிவிடும். கிடங்குக் கழகத்தின் அலுவலகமோ அதே ஆஸ்பத்திரியின் பின்சுவரை ஒட்டி இருந்தது. அந்தக் கழகத்துக்கு இவளுடைய துறையிலிருந்துதான் டெபுடேஷனில் ஆள் அனுப்புவார்கள். அங்கே போய்விட்டால் போதும் என்பதே அவளுடைய ஒரே ஆசை.

மூன்று தடவை இடம் வந்தது. ஒவ்வொரு தடவையும் பியூன் சுற்றறிக்கைப் பதிவேட்டை மேசை மேசையாகத் தூக்கி வருவார்.

"கையெழுத்த மட்டும் போடுங்கம்மா. விருப்பம்னு நானே எழுதிக்கிறேன்," என்பார் கண்காணிப்பாளர். மூன்று தடவையும் அவருக்கு வேண்டியவர்களே போனார்கள்.

அந்தப் பதிவேட்டை வைத்திருக்கும் பிரிவு எழுத்தர் காய்ச்சலில் படுத்தபோது அவருடைய கட்டுகள் இவள் மேசைக்கு வந்தன. பிரித்துப் பார்த்தாள். அவளுடைய கையெழுத்துக்கு மேலே, மூன்று இடத்திலும், கண்காணிப்பாளரின் குண்டு எழுத்தில் 'விருப்பமில்லை' என்றிருந்தது. இன்னும் பதினோரு பேருக்கும் அதே கதி. இத்தனை நாளும் மனுஷன் எல்லார் தலையிலும் மிளகாய் அரைத்திருக்கிறான்.

பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு நேராக இணை இயக்குநர் அறைக்குப் போனாள். அவர் புரட்டிப் பார்த்துவிட்டு, "என்ன வேணும்னு எழுதிக் குடுங்க," என்றார். விருப்பம் உள்ளவர்கள் பெயரை, வேலையில் சேர்ந்த தேதியோடு, அறிவிப்புப் பலகையில் ஒட்ட வேண்டும். அந்த வரிசைப்படிதான் அனுப்ப வேண்டும் என்று எழுதினாள். அந்த மனுவில்தான் முதல் கோடு விழுந்தது.

அன்று சாயங்காலமே கண்காணிப்பாளர் அவள் மேசைக்கு வந்தார்.

"மனுவ வாபஸ் வாங்கிடுங்கம்மா. புதுசா ஒரு இடம் வந்திருக்கு, அது உங்களுக்குத்தான். வரிசைன்னு போனா உங்களுக்கு முன்னால யார் வருவாங்களோ."

அவளுக்கு மனசு ஆடத்தான் செய்தது. பின்சுவரும் அதற்கு அந்தப் பக்கம் இருந்த கட்டிலும் கண்ணுக்கு முன்னால் நின்றன.

"அப்ப வேற யார் கையெழுத்துக்கு மேலயாவது விருப்பமில்லன்னு எழுதுவீங்க. உங்க பேனாவுக்கு நான் மை ஊத்த மாட்டேன் சார்."

பத்தாம் நாள் பலகையில் பட்டியல் ஏறியது. முதல் பெயர் பதிவறை எழுத்தருடையது. வாயில் விரலை வைத்தாலும் கடிக்கத் தெரியாத மனிதர், அவளைவிட எட்டு மாதம் மூத்தவர். இரண்டாவது அவள். இடமோ ஒன்றுதான்.

"இப்ப திருப்தியா?" என்று கேட்டுவிட்டுப் போனார் கண்காணிப்பாளர்.

பதிவறைக்காரர் தயங்கித் தயங்கி வந்தார். "வீட்டு நிலைமை எனக்குத் தெரியும்மா. எனக்கு வேணாம்னு எழுதிக் குடுத்துடட்டுமா?"

"உங்களுக்குப் போக ஆசை இருக்கா இல்லையா, அண்ணே?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "பன்னெண்டு வருஷமா இருக்கு."

"அப்ப போங்க. உங்க முறை இது." அவருடைய விடுவிப்பு ஆணையை அவளே தட்டச்சு செய்தாள். நடுவில் இரண்டு தடவை கண் கலங்கியது, துடைத்துக்கொண்டு தொடர்ந்தாள்.

மறுநாள் காலை ஆஸ்பத்திரியில் நர்ஸ் ஊசி குத்தும்போது கணவர் கேட்டார். "என்னாச்சு?"

"ரெண்டாவது."

அவர் சிரித்தார். "மூணு தடவ பட்டியல்லயே இல்லாதவ, இப்ப ரெண்டாவதா?"

"அடுத்தது நான்தான். பலகையில ஒட்டியிருக்கு," என்று சொல்லிவிட்டு அவள் முதல் பஸ்ஸைப் பிடிக்க ஓடினாள்.