அபினிக் கடையும் அமெரிக்கச் சபைகளும்

1920களின் நடுவில், ரங்கூனில் ஓர் அமெரிக்க மிஷன் பள்ளியில் தமிழ் வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். என் அண்ணன் போட்டாதாங் கப்பல் துறையில் அரிசி மூட்டை தூக்கினான். மாலையானால் அபினி. சர்க்கார் உரிமம் பெற்ற கடை பக்கத்திலேயே இருந்தது. பர்மாக்காரர்களுக்கு விற்கக் கட்டுப்பாடு உண்டு. நம்மவர்களுக்கு அப்படி ஒன்றுமில்லை.

பள்ளியை நடத்திய மிஸ்ஸம்மா தமிழைப் பைபிள் வழியாகக் கற்றவர். சாதாரணப் பேச்சே பிரசங்கம் மாதிரி இருக்கும். "உன் சகோதரனை எங்கள் தேசத்துத் தூதரான கான்சலிடம் அழைத்துக்கொண்டு வா" என்றார் ஒருநாள். அபினியைப் பற்றிப் பேச ஐரோப்பாவில் நாடுகள் கூடப்போகின்றன, அதை அறவே ஒழிக்கச் சொல்லி அமெரிக்கா நிற்கிறது, அண்ணன் சொல்வதைக் கான்சல் எழுதியனுப்பினால் உதவும் என்றார்.

"உங்க சர்க்காருக்கு எங்க அண்ணன் மேல என்ன அக்கறை மிஸ்ஸம்மா?"

"சர்க்காருக்கு இல்லை, எங்கள் திருச்சபைகளுக்கு உண்டு. நாங்கள் கண்டதை எழுதுகிறோம். சபையார் கேட்டு ஜெபிக்கிறார்கள். ஓட்டுப் போடுகிறவர்களும் அவர்களே. ஆகையால் சர்க்கார் செவிகொடுக்க வேண்டியதாயிருக்கிறது."

அண்ணன் லேசில் இணங்கவில்லை. கடைசியில் குளித்து, வெள்ளை வேட்டி கட்டி வந்தான். கான்சல் ஒரு பாதிரியாரின் மகன், இளவயது. உட்காரச் சொன்னார். அண்ணன் நின்றபடியே இருந்தான். ஏன் விட முடியவில்லை என்று அவர் கேட்டதைத் தமிழில் சொன்னேன்.

"மூட்டை தூக்கினா தோள் நோவுது. அதைப் போட்டா நோவு தெரியல. தப்புன்னா சர்க்கார் ஏன் விக்க விடுது? அதையும் கேளு."

நான் தயங்கினேன். மிஸ்ஸம்மாவே ஆங்கிலத்தில் சொல்லிவிட்டார். கான்சல் எழுதுவதை நிறுத்தி அண்ணனைப் பார்த்தார். இங்குள்ள ஆங்கிலேயரிடம் கேட்கத் தனக்கு அதிகாரமில்லை, தன் நாட்டுக்கு எழுதலாம் என்றார்.

சில மாதம் கழித்து, அமெரிக்கர்கள் அந்த அபினி மாநாட்டிலிருந்து பாதியில் வெளியேறிவிட்டதாகப் பத்திரிகையில் வந்தது. மற்ற நாடுகள் அவர்கள் கேட்ட அளவுக்கு இணங்கவில்லை. போட்டாதாங் கடை வழக்கம்போலத் திறந்திருந்தது.

"எந்திரிச்சுப் போனா ஆச்சா? உக்காந்து பேசி கொஞ்சமாவது வாங்கியிருக்கலாமே" என்றேன் மிஸ்ஸம்மாவிடம்.

"பாவத்தோடு சமரசம் கூடாதென்று எண்ணியிருப்பார்கள்." பத்திரிகையை மடித்து வைத்தார். "நானும் அப்படித்தான் எழுதினேன்."

அந்த வாரமே அண்ணனை மிஷன் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்.

"உங்க வேதத்துல சேரணுமா?" என்று கேட்டான் அவன்.

"வேண்டாம். கொடுப்பதை உண், போதும்."

வாந்தியெடுத்தான், திட்டினான், ஒருமுறை ஓடியும் போனான். மிஸ்ஸம்மா தொப்பியோடு துறைக்கே போய் ரிக்ஷாவில் கூட்டிவந்தார். மழைக்காலம் முடிவதற்குள் தெளிந்துவிட்டான். ஆஸ்பத்திரியிலேயே தோட்ட வேலை கிடைத்தது.

அடுத்த பங்குனியில் அவன் காவடி எடுத்தான். மிஸ்ஸம்மா எதிர்ச்சாரியில் நின்று பார்த்தார். அவர் மனம் என்ன பாடுபட்டதோ, தெரியாது. மறுநாள் வகுப்பு வாசலில் என்னை நிறுத்தி, "உன் சகோதரன் தள்ளாடாமல் நடந்தான்" என்றார்.