கிணற்றுக்குள் விட்ட சிங்க இறால்

எங்கள் வீட்டுக் கிணற்றுக்குள் ஒரு பூதம் வளர்ந்துகொண்டிருப்பது எனக்கு மட்டும்தான் தெரியும். அதை உள்ளே விட்டவளே நான்தான். அப்போது எனக்கு எட்டு வயது.

குற்றத்தில் முதல் பங்கு மாமாவுக்கு. அம்மாவின் தம்பியான அவர் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் அறை எடுத்துத் தங்கிப் பல்கலைக்கழகக் கம்பசில் படித்துக்கொண்டிருந்தார். கொழும்பில் வாங்கிய நன்னீர்ச் சிங்க இறால் ஒன்றை அந்த அறையில் வளர்த்தார். வீட்டுக்காரர் கண்டு சத்தம் போட்டதும், கண்ணாடித் தொட்டியோடு அதை எங்கள் வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார். நாங்கள் அச்சுவேலிக்கு அப்பால், சண்டைக் காலத்தில் ஆமி பிடித்து வைத்திருந்து பிறகு விட்ட எங்கள் பழைய காணியில் புது வீடு கட்டிக் குடிவந்து ஒரு வருடம் ஆகியிருந்தது.

சிங்க இறால் நீல நிறம். மணிக்கட்டிலிருந்து விரல் நுனிவரை என் கை நீளம்தான் இருக்கும். இரண்டு கொடுக்கு, ஈர்க்குப் போல இரண்டு மீசை. பகல் முழுக்க ஒரு பைப் துண்டுக்குள் ஒளிந்து கிடக்கும். மாமா எனக்கு அதன் சட்டதிட்டங்களை ஓதினார். தொட்டிக்கு ஒன்றுதான் விடலாம், இரண்டு விட்டால் ஒன்றை மற்றது தின்றுவிடும். மூடி இறுக்கமாக இருக்கவேண்டும், இல்லாவிட்டால் காற்றுக் குழாயைப் பிடித்து ஏறி ஊர் சுற்றப் போய்விடும். ஓடு கழற்றினால் அந்த ஓட்டை எடுத்து எறியக் கூடாது, அதைத் தின்றுதான் புது ஓட்டை இறுக்கிக்கொள்ளும். சாப்பாடு நகமளவு கரட், அதுவும் இரண்டு நாளைக்கு ஒருமுறை.

அவரது போனில் அதன் சொந்தக்காரர்களின் படங்களும் இருந்தன. பெருவிரல் அளவில் செம்மஞ்சளாக ஒன்று. சேற்றில் வளை தோண்டிக் குடியிருக்கும் சிவப்பு ஒன்று. கடைசிப் படத்தில், தாஸ்மேனியாவின் குளிர்ந்த ஓடையில் பிடித்த ஒன்றை ஓர் ஆள் இரண்டு கைகளாலும் குழந்தையைப் போலத் தூக்கி வைத்திருந்தார்.

"இதுவும் அவ்வளவுக்கு வளருமோ மாமா?"

"ஏன் வளராது? இடம் பெரிசெண்டால் ஆளும் பெரிசு" என்றார். மாமாவுக்கு வாயைத் திறந்தால் பகிடி. எனக்கோ மாமா சொன்னால் வேதவாக்கு.

கம்பசில் பரீட்சை வருகிறதென்று அவர் போனதும், பாவம், பட்டினி கிடக்கிறதே என்று நான் இரங்கினேன். காலையில் இடியப்பம், பின்னேரம் புட்டு. மூன்றாம் நாள் தொட்டித் தண்ணீர் கஞ்சித் தண்ணீராகி மணக்கத் தொடங்கியது. சிங்க இறால் பக்கவாட்டில் சரிந்து கிடந்தது. செத்தால் மாமா என்னோடு கதைக்கவே மாட்டார். நான் யோசித்தேன். நுளம்பு பெருகிக் கடிக்காமல் அதன் குடம்பிப் புழுக்களைத் தின்னட்டும் என்று அப்பா கிணற்றில் ஏழு மீன் விட்டிருந்தார். அவை தின்று கொழுத்துத் திரிந்தன. ஆகவே கிணற்றில் ஒருநாள் விட்டு, தேறியதும் எடுத்துவிடலாம். வாளியில் போட்டு இறக்கினேன். தண்ணீர் பட்டதும் வாலை ஒரு அடி அடித்து மறைந்துபோனது. போனதுதான்.

தொட்டியை யாரும் சந்தேகிக்கவில்லை. பகலில் வெளியே தலைகாட்டாத பிராணி இருந்தாலும் ஒன்று, இல்லாவிட்டாலும் ஒன்று. மாமா போன் எடுத்துக் கேட்டபோது "நல்லா இருக்கு மாமா" என்றேன். போனை வைத்த பிறகுதான் அவர் சொன்னது ஞாபகம் வந்தது. இடம் பெரிசெண்டால் ஆளும் பெரிசு. எங்கள் ஊரில் எங்கள் கிணற்றைவிடப் பெரிய இடம் எதையும் நான் கண்டதில்லை.

அதற்குப் பிறகு பயம்தான் எனக்குச் சோறும் தண்ணீரும். அம்மா தண்ணீர் அள்ளும்போதெல்லாம் வாளி மேலே வரும்வரை மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பேன். மூன்று வயதுத் தம்பி கிணற்றுக்கட்டைப் பிடித்து எட்டினால் அவன் சட்டையைப் பிடித்து இழுப்பேன். அவன் அழ, எனக்கு அடி விழும். ஏழு மீன் ஐந்தாகி, பிறகு மூன்றாகியது. தின்னத் தின்ன அது எவ்வளவுக்கு வளர்ந்திருக்கும் என்று படுக்கையில் கையை விரித்துப் பார்ப்பேன். ஒவ்வொரு நாளும் கை இன்னும் கொஞ்சம் அகன்றது.

மீன் குறைவதை அப்பாவும் கண்டுவிட்டார். "உதுக்குள்ளை பாம்பு ஏதும் இறங்கிட்டுது. இறைச்சுப் பாப்பம்" என்றார்.

சனிக்கிழமை காலை, பக்கத்து வளவுக்காரர் தண்ணீர் இறைக்கும் மெசினைக் கொண்டுவந்து பூட்டினார். கிணறு வற்ற வற்ற நான் கட்டைப் பிடித்து எட்டி எட்டிப் பார்த்தேன். முழங்காலளவு தண்ணீர் மிஞ்சியதும் அப்பா சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு படிக்கல்லில் கால் வைத்தார். சொன்னால் அடி. சொல்லாவிட்டால் அப்பா இல்லை. அவர் பாதி இறங்கியபோது என் தொண்டை தானாகத் திறந்தது.

"இறங்காதேங்கோ அப்பா! அதுக்குள்ளை ஒண்டு கிடக்குது!"

பக்கத்து வளவுக்காரர் மெசினை நிறுத்தினார். அம்மா "ஐயோ, சண்டைக்குள்ளை விழுந்த செல் ஏதும் வெடிக்காமல் மிச்சமோ" என்றது கேட்டது. கேட்டதே தவிர என் புத்தியில் ஏறவில்லை. மறு நிமிடம் அம்மா என் தம்பியைத் தூக்கிக்கொண்டு வாசல் படலைக்கு ஓடினார். அப்பா வைத்த காலை வைத்தபடி, சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றார். குரலை மட்டும் மெல்ல மேலே அனுப்பினார்.

"பிள்ளை, அசையாமல் நில்லு. நீ கண்டனியோ?"

"ஓம் அப்பா."

"எவ்வளவு பெரிசு?"

நான் கைகளை விரித்துக் காட்டினேன். அவர் கண்ணை மூடித் திறந்தார்.

"இரும்பு மாதிரியோ?"

"ஓம். ஓடு நல்ல இறுக்கம்."

"அதைத் தொட்டனியோ?"

"நான்தான் உள்ளை போட்டனான்."

அப்பாவின் முகத்தில் வேர்வை வழிந்தது. எவ்வளவு பயங்கரமான பிராணி என்று அவருக்கு விளங்கிவிட்டது என நினைத்து, எஞ்சியதையும் சொல்லிவிட்டேன். "கவ்வும் அப்பா. ரெண்டு மீசை இருக்கு."

அப்பா தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார். பிறகு "மீசையோ?" என்று கேட்டார்.

மேலே ஏறி வந்தவர் கிணற்றுக்கட்டின்மேல் உட்கார்ந்து என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டார். சிரித்தார், ஆனால் கண்ணைத் துடைத்தார். ஓடிவந்த அம்மா என் முதுகில் இரண்டு போட்டுவிட்டு, அதே முதுகைக் கட்டிக்கொண்டு அழுதார். ஆனாலும் எதற்கும் என்று எங்களை அடுத்த வீட்டுக்கு அனுப்பிவிட்டு அப்பா தனியாக இறங்கினார். ஒரு கல்லுக்குக் கீழே கிடந்ததைப் பிடித்தார். ஒரு கொடுக்கு இல்லை. மற்றபடி அதே என் கை நீளம். எனக்கு ஏமாற்றமாகக்கூட இருந்தது.

திங்கட்கிழமை வகுப்பில், எங்கள் அப்பா ஒரு சிங்க இறாலுக்குப் பயந்து கிணற்றுச் சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்ற கதையை நடித்தே காட்டினேன். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ரீச்சர் மட்டும் சிரிக்கவில்லை.

"நீங்கள் குடிவரேக்குள்ளை வெடி எடுக்கிற ஆக்கள் வந்து உந்தக் கிணத்துக்குள்ளை இருந்து என்ன எடுத்தவை எண்டு வீட்டிலை சொன்னவையோ பிள்ளை?" என்று கேட்டார்.

"ஓம் ரீச்சர். பழைய வாளியும் சருகும்" என்றேன்.

எனக்கு அப்படித்தான் சொல்லியிருந்தார்கள். ரீச்சர் என் தலையைத் தடவிவிட்டு, போய் இருக்கச் சொன்னார். நல்ல பகிடிக்குச் சிரிக்கத் தெரியாத ரீச்சர் என்று நினைத்துக்கொண்டு போய் இருந்தேன்.