பேருந்தில் நின்ற ராஜா

பார்க்கிங் என்ற ஊருக்குப் போகும் பேருந்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அந்த ராஜா ஏறினார். சர்ச் மண்டபத்தில் கூத்தாம். வீட்டிலேயே வேஷம் கட்டிவிட்டார். அட்டைக் கிரீடம், மையால் முறுக்கிய மீசை, பிரம்பு வளையம் வைத்துத் தைத்த அகன்ற உடுப்பு. அதோடு உட்கார முடியாது. என் இருக்கையை ஒட்டி நடுவழியில் நின்றுகொண்டு, "இதை ஒருக்கா வைச்சிருங்கோ தங்கச்சி" என்று மரவாளை என் மடியில் வைத்தார். கம்பியைப் பிடிக்க அவருக்குக் கை வேண்டியிருந்தது.

நான் மதுரையிலிருக்கும் அம்மாவோடு போனில் பேசிக்கொண்டிருந்தேன். பின்னால் இருந்த ஒருவன், எங்கள் நாட்டில் இங்கிலீஷில் பேசு என்று கத்தினான். பிறகு எழுந்து என்னை நோக்கி வந்தான். நடுவில் ராஜா. அவன் விலகச் சொல்லியும் அவர் அசையவில்லை. அவன் கிரீடத்தையும் மீசையையும் பார்த்தான். திரும்பிப் போய் அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிட்டான்.

பேருந்தே கைதட்டியது. எனக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

"நீங்க மறிக்கலைன்னா என்ன ஆயிருக்குமோண்ணே."

"நான் எங்கை மறிச்சனான்? வளையம் ரெண்டு சீற்றுக்கும் நடுவிலை இறுகிப்போச்சு. அசைய ஏலேல்லை. உள்ளுக்குக் கால் நடுங்கினது அந்தோனியாருக்குத்தான் தெரியும்."

"அப்போ எப்படி இறங்குவீங்க?"

"அதைத்தான் யோசிக்கிறன்."

நான் சிரித்துவிட்டேன்.

அவருடைய நிறுத்தம் வந்தது. சிக்கிய வளையத்தை இழுத்துவிடலாம் என்று எழுந்தேன். அவர் வாளை வாங்கிக்கொண்டார். வளையத்தை ஒரு கையால் சரித்து, எந்த இருக்கையிலும் உரசாமல் இறங்கிப் போனார்.