பாய்லர் அறைக்குப் போனவர்

தேவதாஸ் அங்கிள் வேலை பார்த்த அமெரிக்கக் கடற்படை எண்ணெய்க் கப்பலை இப்போது டெக்சாஸில், பிரௌன்ஸ்வில் துறைமுகத்தில் துண்டு துண்டாக வெட்டிக்கொண்டிருக்கிறார்கள். வளைகுடாப் போரில் அது சண்டை போடவில்லை. போர்க்கப்பல்களின் பக்கத்திலேயே ஓடி, இரண்டும் நிற்காமலேயே, குழாய் வழியாக எண்ணெய் ஊற்றியது. அங்கிள் அதைப் ‘பால்காரன்’ என்பார். பிறகு பல வருடம் கலிபோர்னியா விரிகுடா ஒன்றில் துருப்பிடித்து நின்றது.

அவர் தூத்துக்குடிக்காரர். பத்தாவது வரை படித்தவர். ஜெர்சி சிட்டியில் நர்ஸாக இருந்த அக்கா வரவழைத்து, குடியுரிமை கிடைத்ததும் அந்தக் கப்பலில் சேர்ந்தார். போன வருடம் அவருடைய நுரையீரலில் கல்நார்த் தூசி இருப்பதாக டாக்டர் சொன்னார். பழைய கப்பல்களில் பாய்லர் குழாய்களைக் கல்நாரால்தான் சுற்றியிருப்பார்கள்.

எங்கள் வீட்டில் முதலில் காலேஜ் முடித்தவள் நான். அதனால் சர்ச்சில் யாருக்கு எந்த ஃபார்ம் என்றாலும் என்னிடம் வரும். அவருடைய இழப்பீட்டு மனுவையும் நான்தான் எழுதினேன். நிராகரித்துவிட்டார்கள். டியூட்டிப் புத்தகத்தின்படி அவர் மேல்தளத்தில் குழாய் பிடித்தவர். பாய்லர் அறைக்குப் போனதே இல்லை.

நகல்களை அனுப்பியிருந்தார்கள். பாய்லர் அறைப் பக்கங்களில் எல்லாம் சேனாபதி என்ற பெயர். எனக்குத் தெரிந்த பெயர். பிரிட்ஜ்வாட்டரில் இருக்கும் சேனாபதி அங்கிளை என்னிடம் அழைத்து வந்ததே தேவதாஸ் அங்கிள்தான். அவருடைய மனுவை அதற்கு முந்தைய வருடம் நான் எழுதி, அது ஜெயித்தும் இருந்தது.

கேட்டதும் அங்கிள் சிரித்தார். சிரிப்பு இருமலாகி நிற்கக் கொஞ்ச நேரம் ஆனது.

“கண்ணிவெடிப் பயம்மா அவனுக்கு. தண்ணி மட்டத்துக்குக் கீழ இறங்க மாட்டேன்னுட்டான். நீ மேல நில்லுல, நான் போறேன்னேன். பேர மாத்தினா ஏன்னு கேப்பான், பயந்தாங்கொள்ளின்னு சிரிப்பான். அப்படியே விட்டுட்டோம். எங்க ரெண்டு பேருல யாரு யாருன்னு வெள்ளக்காரனுக்கு என்ன தெரியும்?”

ஆக்சிஜன் சிலிண்டரோடு அவரை பிரிட்ஜ்வாட்டருக்கு அழைத்துப் போனேன். சேனாபதி அங்கிளின் மனைவி சாந்தாமணி ஆன்ட்டி காபி வைத்தார். நடந்ததை எழுதி ஒரு கையெழுத்து போட்டால் போதும் என்று விளக்கினேன். சேனாபதி அங்கிள் தரையையே பார்த்தார். அவருக்கும் நுரையீரல் கெட்டிருந்தது, சிகரெட்டால்.

“போட்டா என் ஃபார்ம் பொய்னு ஆயிரும், கண்ணு. ட்ரீட்மென்ட் நின்னுருமே.”

“காப்பியக் குடில, ஆறுது,” என்றார் தேவதாஸ் அங்கிள்.

திரும்பும் வழியில் கப்பலைப் பற்றியே பேசினார். ஒருநாள் இரு பக்கமும் இரண்டு கப்பல்களுக்கு ஏழு மணி நேரம் எண்ணெய் கொடுத்தார்களாம். “போருக்குப் போனேன்னு பேரு. ஒரு போர்க்கப்பலக்கூட நேராப் பாத்ததில்ல.”

மார்ச்சில் இறந்தார். அடக்கம் முடிந்து எல்லோரும் கார்களுக்குப் போனபோது சேனாபதி அங்கிள் என்னிடம் வந்தார்.

“இப்ப எழுதிக் குடுத்தா அல்போன்சாவுக்கு ஆகுமா?”

ஆகும், மனைவி மேல்முறையீடு செய்யலாம், கடைசித் தேதிக்கு இன்னும் நாள் இருக்கிறது என்றேன்.

“எடுத்துட்டு வா கண்ணு. போட்டுர்றேன்.”

அன்றே டைப் செய்துவிட்டேன். மூன்று வாரமாக அது என் மேசையில்தான் இருக்கிறது. சேனாபதி அங்கிளின் மனுவில் தயாரித்தவர் என்ற இடத்தில் என் கையெழுத்து இருக்கிறது. அதை எழுதும்போது, பாய்லர் அறையில் எத்தனை மாதம் என்று நான் கேட்டபோது அவர் ஜன்னலைப் பார்த்தார். “புத்தகத்துல இருக்கறதப் போடு” என்றார். ஏன் ஜன்னலைப் பார்க்கிறார் என்று எனக்குத் தோன்றியது. நான் கேட்கவில்லை. ஜெயிக்கிற மனுவாக இருந்தது. இந்த வருடம் சட்டக் கல்லூரிகளுக்கு விண்ணப்பித்திருக்கிறேன்.

இன்று காலை அல்போன்சா ஆன்ட்டி கூப்பிட்டார். சேனாபதி கையெழுத்து போட்டுவிட்டாரா என்று கேட்டார்.

“அங்கிளுக்கு உடம்பு சரியில்ல, ஆன்ட்டி,” என்றேன்.

வெள்ளிக்கிழமை கடைசி நாள். இன்று புதன்.