சுலைமானியாவிலிருந்து வந்த பாட்டு

என் கணவர் ஈராக்கின் குர்திஸ்தான் பகுதியில், சுலைமானியா நகருக்கு வெளியே ஒரு ஆலையில் எலக்ட்ரீஷியனாக இருந்தார். நான் இராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி மடிக்கும் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். ஒருநாள் மதியம் அவர் வாட்ஸ்அப்பில் ஒரு பாட்டு அனுப்பினார். கூட வேலை பார்க்கும் குர்துக்காரர் பாடியது. தாளமில்லை, வாத்தியமில்லை. ஒரே மூச்சில் குரல் மேலேறி, உடைந்து, இறங்கியது.

பக்கத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த சோழபுரத்து அக்கா டப்பாவை மூடிவிட்டாள். துட்டி வீடுகளில் ஒப்பாரி சொல்ல அவளைத்தான் கூப்பிடுவார்கள்.

“ஏட்டி, யாரு செத்தது?”

“சும்மா பாட்டுக்கா.”

“சும்மா யாரும் இப்படி இழுக்க மாட்டாக. ஒரே வார்த்தையச் சொல்லிக் கூப்புடுதாரு, கேளு. இத வீட்டுக்குள்ள போடாத.”

அதன்பிறகுதான் எனக்கும் கேட்டது. ரோலே, ரோலே.

சாயங்காலம் போனில் கணவரிடம் கேட்டேன்.

“ரோலேன்னா பிள்ளைன்னு அர்த்தம். பாடுனவரு அவுக அம்மா வயித்துல இருக்கையில பட்டாளம் வந்து ஊரையே எரிச்சிருக்கு. ஆம்பளைகள லாரியில ஏத்திட்டுப் போயிருக்காக. மூத்த மகன் திரும்பவே இல்ல. அவுக அம்மா ரொட்டி சுடையில இதத்தான் பாடுவாகளாம். கேட்டுக் கேட்டு இவருக்கும் வந்துருச்சு.”

அவர் பேச்சுக்குப் பின்னால் ஏதோ இரைந்தது.

“அது என்ன சத்தம்?”

“ட்ரோனு. ரெண்டு நாளா மேல சுத்துது.”

மறுநாளிலிருந்து போன் போகவில்லை. அக்கா என் முகத்தைப் பார்ப்பதையே தவிர்த்தாள். அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

நான்காம் நாள் சனிக்கிழமை. ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கம் திருவண்ணாமலை என்கிற குன்றின் மேலிருக்கும் பெருமாளைக் கும்பிட்டுவிட்டுப் படியிறங்கும்போது போன் அதிர்ந்தது. அதே பாட்டு. ஆனால் பாடியது ஒரு வயதான பெண். ரோலே என்று அவள் கூப்பிட்டதுமே புரிந்துவிட்டது. படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். பாட்டு முடிந்து கணவரின் குரல் வந்தது.

“எனக்கு ஒண்ணுமில்ல. ட்ரோனு ஆலை மேல விழுந்துருச்சு. அன்னைக்குப் பாடுனவரு போயிட்டாரு. அவுக அம்மாதான் பாடுதாக.”

இவர் உயிரோடிருக்கிறார் என்று எனக்குச் சிரிப்பு வந்தது. போனுக்குள் அந்த அம்மா அழுதுகொண்டிருக்கும்போது நான் சிரித்தேன்.

இரண்டு மாதத்தில் அவர் வந்துவிட்டார். இப்போது ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கடையில் மோட்டார் காயில் கட்டுகிறார். அடுத்த வீட்டு மிக்சி ஓடினால் வாசலுக்குப் போய் வானத்தைப் பார்க்கிறார்.

போன வாரம், இவரை ஈராக்குக்கு அனுப்பிய ஏஜெண்ட் கூப்பிட்டார். இவர் மறுக்கவில்லை.

“யோசிச்சுச் சொல்லுதேன்” என்றார்.

“திரும்பப் போறீயளா?” என்று கேட்டேன்.

சட்டையை மாட்டிக்கொண்டு கடைக்குக் கிளம்பினார்.