தேருக்குக் கொடுத்த தோள்

விக்கெட் காப்பாளன் தன் அணியின் பந்துவீச்சாளரைக் கண்ணால் அறிவதைவிட உள்ளங்கையால் அறிவதே அதிகம். அறுபதுகளின் தொடக்கத்தில் நெய்வேலியில் எங்கள் அணிக்காகக் காப்பாளனின் கையுறைகளை நான் அணிந்திருந்தேன். வேலை நாள்களில் சுரங்க அலுவலகத்தில் எழுத்தர். விடியலில் பதிகம் ஓதி, திருநீறு துலங்க மைதானத்துக்குப் போவது வழக்கம் என்பதால் அணியினர் அனைவருக்கும் நான் ‘சாமி’. “சாமி, பந்து வந்தா கும்பிட்டுடாதீங்க, புடிங்க!” என்று என் பக்கத்தில் ஸ்லிப்பில் நிற்பவர் கேலி செய்யாத நாள் இல்லை.

என் கைகளைச் சிவக்க வைத்தவர் எங்கள் அணியில் ஒருவரே. சுரங்கத்தின் விளிம்பை ஒட்டிய சிற்றூர்க்காரர். நெல்லிக்குப்பத்தில் கூலி வேலை பார்த்தபோது ஆட்டம் பயின்றவர். வலக்கையால் வேகமாகப் பந்து வீசுவார். மட்டையோடு ஐந்தாவதாக இறங்கி, சரிந்துகொண்டிருக்கும் ஆட்டத்தைத் தூக்கி நிறுத்துவார். ஆட்டத்துக்காகவே அவருக்குத் தற்காலிக வேலை கிடைத்திருந்தது. காலை ஷிப்டில், சுரங்க மண்ணைச் சுமந்து ஓடும் பெல்ட்டடியில் சிந்திய களிமண்ணை வாருவார். பிற்பகலில் தென்னைநார்ப் பாய் விரித்த ஆடுகளத்தில் பயிற்சி. எங்களுக்குக் கிரிக்கெட் பொழுதுபோக்கு. அவருக்கு அதுவே சோறு.

அந்த ஆண்டு அவர் ஊரையும் சுரங்கத்துக்காகக் காலி செய்யும்படி அறிவிப்பு வந்திருந்தது. தாயாரை எங்கே கொண்டுபோய் வைப்பது என்பதே அவருடைய கவலை. பெர்மனென்ட் ஆனால் குவார்ட்டர்ஸ் கிடைக்கும். அதற்கு ஒரு வழி திறந்தது. மாநில அணிக்கு ஆள் எடுப்பவர்கள், ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கள் மைதானத்துக்கே வந்து ஆட்டம் பார்ப்பதாக இருந்தது.

“அவங்க எடுத்துட்டா உனக்கு பெர்மனென்ட் கேட்டு வாங்கறது என் பொறுப்பு,” என்றார் எங்கள் கேப்டன். அவர் ஒரு பொறியாளர். “ஆனா ஒண்ணு. வெறும் பேட்ஸ்மேன் மெட்ராஸ்ல தெருவுக்கு நாலு பேர் இருக்கான். அவங்க தேடறது பந்தும் போடற ஆல்ரவுண்டர். ஞாயிற்றுக்கிழமை வரைக்கும் ஒடம்ப பத்திரமா வச்சுக்கோ.”

அந்த ஞாயிறுக்கு முந்தைய வெள்ளியன்று அவர் ஊரில் தேரோட்டம். ஊர் கலைவதற்குமுன் ஈசன் அத்தெருக்களில் எழுந்தருளும் கடைசி முறை. “போயி கயித்தத் தொட்டுட்டு வந்துடறேங்க சாமி. நீங்களும் வாங்களேன்,” என்றார். நானும் போனேன்.

முன்தினம் மழை பெய்திருந்தது. கீழவீதி முனையில் தேர் திரும்பும்போது வலச்சக்கரம் சேற்றில் இறங்கிவிட்டது. வடம் பிடித்தோர் எவ்வளவு இழுத்தும் அசையவில்லை. பின்புறம் நீண்ட மரக்கட்டை ஒன்றைச் சக்கரத்தின் அடியில் கொடுத்து நெம்பத் தொடங்கினார்கள். இவர் வடத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு ஓரமாக நின்றார். கட்டையைப் பிடித்திருந்த அத்தை மகன் அதைப் பார்த்துவிட்டான்.

“என்னா மச்சான், வெள்ளக்காரன் ஆட்டம் ஆடி ஆடி, நோவாம நிக்கக் கத்துகினியா? சாமி சேத்துல நிக்குது, நீ வேடிக்க பாத்துகினு இருக்கிற?”

சுற்றிலும் சிரிப்பு. தாயார் எதிர்வரிசையில் கைகூப்பி நின்றிருந்தார். இவர் சட்டையைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டுப் போய், கட்டைக்கு அடியில் தம் வலத்தோளைக் கொடுத்தார். “அரோகரா!” என்ற முழக்கத்தில் சக்கரம் மேலேறியது. ஏறிய வேகத்தில் கட்டை நழுவித் திரும்பி அவர் தோளில் அடித்தது. தேர் நகர்ந்துவிட்ட மகிழ்ச்சியில் யாரும் அதைக் கவனிக்கவில்லை. அவரும் சிரித்துக்கொண்டே வந்து சட்டையை வாங்கினார், இடக்கையால் வாங்கினார்.

இரண்டு இரவுகள் தாயார் புளியிலை வதக்கி ஒத்தடம் கொடுத்திருக்கிறார். ஞாயிறு காலை கேப்டன் கேட்டதற்கு, “நல்லாத்தாங்க இருக்கேன்,” என்று மட்டும் சொன்னார்.

எங்கள் அணி முதலில் மட்டை பிடித்தது. மட்டையின் மேற்பிடியைப் பிடித்த இடக்கையின் பலத்திலேயே அவர் அழகாக ஆடி ஓட்டங்கள் சேர்த்தார். பந்தலில் அமர்ந்திருந்த தேர்வாளர்கள் தலையை ஆட்டினார்கள். பிறகு பந்தை வாங்கிக்கொண்டு ஓடி வந்தார். அதே ஓட்டம், அதே துள்ளல். ஆனால் முதற்பந்து என் கையுறையை அறையவில்லை. அதில் வந்து விழுந்தது. அடுத்த பந்து எனக்கு முன்னே தரையில் இரண்டாம் முறை பட்டு உருண்டு வந்தது. ஸ்டம்புகளுக்கு வெகு பின்னே, அவருடைய பழைய வேகத்துக்கு ஏற்ற தொலைவில், நான் நின்றுகொண்டிருந்தேன். நான் ஓரடி முன்னே நகர்ந்தாலும் அவருடைய வேகம் போனது பந்தலில் இருப்பவர்களுக்கு விளங்கிவிடும்.

அவரே ஆடுகளத்தின் குறுக்கே நடந்து வந்தார். மேலுதடு வியர்த்திருந்தது.

“முன்னால வந்து நில்லுங்க சாமி. பந்து இனிமே அங்க வராது.”

சென்று நின்றேன். அந்த ஓவர் முடிந்ததும் கேப்டன் பந்தை வேறொருவரிடம் கொடுத்தார். மாலையில் தேர்வாளர்கள் அவருடைய மட்டையாட்டத்தைப் பாராட்டிவிட்டு வண்டி ஏறினார்கள்.

ஊர் காலியானபோது தாயாருக்கு மந்தாரக்குப்பத்தில் ஓர் அறை வாடகைக்குப் பார்த்தார். தோள் பிறகு தேறவே இல்லை. சில காலம் மட்டைக்காக மட்டும் அணியில் வைத்திருந்தோம். இரண்டும் செய்யவல்ல ஓர் இளைஞர் கோவைப் பக்கமிருந்து வந்ததும் அந்த இடமும் போயிற்று. இவர் முழுநேரமும் ஷிப்டுக்குப் போனார். பணிமூப்பில் மற்றவர்களுக்கு வந்ததுபோல் அவருக்கும் பின்னாளில் பெர்மனென்ட் வந்தது. குவார்ட்டர்ஸ் சாவியை வாங்கிக்கொண்டு வந்தபோது, அங்கே குடியேறத் தாயார் இல்லை.

நாவும் செவியும் தலையும் இறைவனுக்கு என்று சொல்லும் பதிகங்களை நாள்தோறும் ஓதுகிறவன் நான். அவர் கொடுத்ததை அவன் ஏற்றுக்கொண்டான் என்று எனக்கு நானே பலமுறை சொல்லிப் பார்த்திருக்கிறேன். நம்பிக்கை குறையவில்லை, வலியும் குறையவில்லை. அவரிடம் ஒருமுறை கேட்டேன், தேரை நினைத்து வருந்துகிறாரா என்று. “சாமி நவுந்துச்சு இல்லீங்களா,” என்றார்.

நான் ஆடிய கடைசி ஆண்டில் ஒருநாள், எதிரணிக்காரர் ஓங்கி அடித்த பந்து எல்லைக்கோட்டைத் தாண்டி மரத்தடிக் கூட்டத்துக்குள் ஓடியது. அங்கே பார்வையாளர்களோடு உட்கார்ந்திருந்த எங்கள் பழைய ஆட்டக்காரர் எழுந்து அதை எடுத்தார்.

“எறிங்கண்ணே! இங்க எறிங்க!” என்று எங்கள் பந்துவீச்சாளர் கைதட்டிக் கூவினார், புதிதாக வந்தவர், இவரை அறியாதவர். கூட்டத்தில் யாரோ, “இன்னாய்யா, பந்தப் பாத்து பயமா?” என்றதும் பலர் சிரித்தார்கள்.

அவர் எறியவில்லை. செருப்பைக் கோட்டுக்கு வெளியே கழற்றி வைத்துவிட்டு உள்ளே நடந்து வந்தார். வேட்டியில் ஒருமுறை பந்தைத் துடைத்து, அந்த இளைஞரின் கையில் வைத்தார். திரும்பி நடந்து அவர் எல்லைக்கோட்டைத் தாண்டும்வரை நடுவர் ஆட்டத்தை நிறுத்தி வைத்திருந்தார்.